லேபர் கேம்ப்பிலிருந்து ஓர் ஊடுருவல்

பம்பாயில் ஒருவரைப் பார்த்து "எங்க இருக்கீங்க?" என்று கேட்பது நலம் விசாரிப்பதல்ல, விசாரணை நடத்துவது. பதிலைக் கேட்ட பிறகுதான் அவருக்கு நாற்காலி போடுவதா ஸ்டூல் போடுவதா என்பது முடிவாகும். ஐம்பத்து நான்கு வயதான பூலோகம் இந்த விசாரணைக்கு எப்போதும் ஒரே பதிலைத்தான் சொல்லிவந்தார்.

"மாட்டுங்கா."

இதில் பொய் ஒன்றும் கிடையாது. அவர் வசிப்பது மாட்டுங்கா லேபர் கேம்ப். அது தாராவிக்குள் இருப்பது பூகோளம் செய்த பிழை. அதன் பெயரில் மாட்டுங்கா இருப்பது சர்க்கார் செய்த உபகாரம். பூலோகம் முதல் சொல்லைக் கணீரென்று சொல்லிவிட்டு, மீதி இரண்டு சொற்கள் வரவேண்டிய இடத்தில் ஓர் இருமலை வைப்பார். அந்த ஒரே இருமலில் ரயில் தண்டவாளம் முழுவதையும் தாண்டி, காப்பிக்கொட்டை வறுபடும் வாசனையும் பூக்கடைகளும் மாடிக்கு ஒரு பாட்டு வகுப்பும் உள்ள அந்தப் பக்கத்து மாட்டுங்காவில் போய் இறங்கிவிடுவார். கேட்டவரும் அங்கேயே அவரைக் குடிவைத்துவிட்டு அடுத்த பேச்சுக்குப் போய்விடுவார்.

இந்த வித்தையை அவருக்கு எந்த மனிதரும் கற்றுத்தரவில்லை. கைப்பைகள் கற்றுத்தந்தன.

பூலோகத்துக்கு லேபர் கேம்ப்பில் ஒரு கார்கானா உண்டு. ரெக்சின் கைப்பை தைக்கும் கார்கானா. தைத்து முடித்த பையைச் சும்மா வைத்தால் பட்டினி கிடந்த வயிறு மாதிரி ஒட்டிக்கொள்ளும். கடைக்காரர் வாங்க மாட்டார். அதனால் உள்ளே பழைய காகிதத்தைக் கசக்கித் திணிப்பார்கள். அந்தக் காகிதம் ரத்திக்கடை என்கிற பழைய பேப்பர் கடையிலிருந்து வரும். ரத்திக்கடைக்கு அது எங்கிருந்து வருகிறது என்றால், மாட்டுங்காவின் வீடுகளிலிருந்து. அங்கே தமிழ் படிக்கிற ஒருவர் கண்ணை மூடியதும், தமிழ் படிக்காத பிள்ளைகள் பதிமூன்றாம் நாள் அலமாரியைக் காலி செய்வார்கள். மூட்டை நேராகத் தண்டவாளத்தைத் தாண்டி இந்தப் பக்கம் வந்துவிடும்.

இப்படியாகத் தமிழ் இலக்கியம் பல வருஷங்களாகக் கைப்பைகளின் வயிற்றில் பயணம் செய்து நாடெங்கும் பரவி வந்தது. பக்தி நூல்களையும் குடும்ப நாவல்களையும் பூலோகம் தடுக்கவில்லை. அவை தாராளமாகக் கசங்கின. ஆனால் ஒரு சமயம் 'பனிப்பாதைப் பரமசிவம்' என்ற புத்தகம் கையில் வந்தது. எல்லைக்கு அப்பால் ஒரு மலைக் கிராமத்தில், பெயரை மாற்றிக்கொண்டு பேக்கரி நடத்தும் நம்மூர் வேவுக்காரர் பரமசிவத்தின் கதை. கசக்கப் போன கை நின்றுவிட்டது. அன்று மாலை ஒரு பை காகிதம் இல்லாமலேயே கடைக்குப் போனது.

அதற்குப் பிறகு ஊடுருவல், வேவு, மாறுவேஷம், எல்லைத் தகராறு என்று எது வந்தாலும் பூலோகம் தனியே எடுத்துவைத்தார். 'எல்லைக்கல் எழுபத்தேழு' வந்தது. அதன் இரண்டாம் பாகம் முதல் பாகத்துக்கு ஆறு வருஷம் முன்பே வந்திருந்தது. பல புத்தகங்களுக்கு முகப்பு இருக்காது, சிலவற்றுக்கு முடிவு இருக்காது. ஒரு நாவலில் துரோகி யார் என்பதை முதலில் தெரிந்துகொண்டு, அவன் என்ன துரோகம் செய்தான் என்பதை மூன்று வருஷம் கழித்துத் தெரிந்துகொண்டார். இவ்வளவையும் படித்து முடித்ததில் அவருக்குச் சொந்தமாக ஒரு கொள்கை பிறந்தது: உலகத்தில் எந்த வேவுக்காரனும் துப்பாக்கியாலோ காதலாலோ பிடிபடுவதில்லை, சாப்பாட்டில்தான் பிடிபடுகிறான். ரொட்டியைப் பிய்க்கிற விதம், தேநீரை ஆற்றுகிற விதம், பாயசத்தைப் பார்த்ததும் கண்ணில் வருகிற வெளிச்சம். பரமசிவமும் அப்படித்தான் மாட்டினார்.

கொள்கை கைவசம் இருந்தது. கேட்க ஆள் இல்லை.

மகன் மகேஷ்குமாருக்குத் தமிழ் எழுத்து என்றால் சினிமா சுவரொட்டி அளவுக்குப் பெரிதாக இருந்தால்தான் ஓடும். மனைவி விஜயலட்சுமி, பரமசிவம் ஏன் ஊருக்கு ஒரு போன் பண்ணவில்லை என்று மட்டும் கேட்டாள். மிச்சம் இருந்தவர் ஜிப் சப்ளை செய்யும் ஷாகுல் ஹமீது. அவர் பொறுமையாகக் கேட்பார், அதில் குறை சொல்ல முடியாது. கேட்டுவிட்டு ஒவ்வொரு தடவையும் ஒன்றையே சொல்வார்.

"எல்லாஞ் சரி அண்ணாச்சி. இம்புட்டு கஷ்டப்பட்டு முள்வேலியில பூந்து போறதுக்கு, பேசாம ஒரு விசா எடுத்துட்டுப் போயிருக்கலாம்லா?"

"விசா எடுத்துட்டுப் போனா அது டூர் வே."

"டூருதான நல்லது. சோறும் போடுவான்."

இந்த இடத்தில் தையல் மெஷின் சத்தம்தான் பூலோகத்துக்கு ஆறுதலாக இருக்கும். அந்தச் சத்தமும் அவ்வப்போது நின்றுபோகும். கார்கானா சிறியது. அதனால் ஒரு மெஷினும் ஒரு மேஜையும் சந்தில்தான் நிற்கும். சந்து முனையில் யாராவது "மாமா ஆயா", மாமா வந்துவிட்டார், என்று ஹிந்தியில் குரல் கொடுத்தால் போதும். பம்பாயில் போலீஸ்காரர் எல்லோருக்கும் மாமன் முறை. மெஷின் உள்ளே, மேஜை உள்ளே, ஷட்டர் கீழே, விளக்கு அணைப்பு, ஒரு பெருமூச்சு. இதற்கு மூளை வேலை செய்ய வேண்டியதில்லை. கையும் காலும் தாமாகவே பார்த்துக்கொள்ளும்.

இப்படி இருக்கையில் போன வருஷம் மாட்டுங்கா மூட்டை ஒன்றிலிருந்து ஒரு துண்டுக் காகிதம் விழுந்தது. 'மாட்டுங்கா ஞாயிறு வாசகர் வட்டம். தமிழ் நூல்கள் பற்றிய கலந்துரையாடல். மாட்டுங்காவாசிகளுக்கு மட்டும்.' அடியில் செயலாளர் பஞ்சு என்ற பெயரும் போன் நம்பரும் இருந்தன.

'மட்டும்' என்ற சொல்லைப் பார்த்தால் மற்றவர்கள் திரும்பிப் போய்விடுவார்கள். ஊடுருவல் நூல்களில் ஊறியவருக்கு அது கையைப் பிடித்து அழைக்கிற சொல். பூலோகம் போன் செய்தார். பேச்சு மொழி காட்டிக்கொடுத்துவிடும் என்பதால் புத்தகத்தில் எழுதியிருப்பது போலவே பேசுவது என்று அப்போதே தீர்மானித்துவிட்டார்.

"வணக்கம். நான் நூல்கள் வாசிப்பவன்."

"பேஷ். எங்க இருக்கேள்?" என்றார் பஞ்சு.

"மாட்டுங்கா." இருமல்.

"ஈஸ்ட்தானே?"

"ஸ்டேஷனிலிருந்து நடந்துபோகும் தூரம்."

"அப்ப நம்மவாதான். வாட்ஸ்ஆப்ல சேத்துடறேன். உடம்பப் பாத்துக்கோங்கோ, இருமறேளே."

எல்லைக்காவல் இவ்வளவு சுலபமாக இருந்ததில் பூலோகத்துக்குச் சிறு ஏமாற்றம்கூட உண்டாயிற்று. ஆனாலும் வேலையை ஆரம்பித்தார். வட்டத்தின் குழுவில் வேவு நூல்கள் பற்றி நீளம் நீளமாக எழுதிப் போட்டார். பெரும்பாலும் கட்டைவிரல்தான் பதிலாக வந்தது. ஒரே ஒரு முறை பஞ்சு எழுதினார்: 'தங்கள் சாப்பாட்டுக் கொள்கையில் எனக்கு உடன்பாடு இல்லை.' அந்தச் செய்தியைப் பூலோகம் விஜயலட்சுமியிடம் காட்டினார். ஷாகுல் ஹமீதிடம் படித்துக் காட்டினார். பைக்கு அளவெடுக்க வந்த ஒரு குஜராத்தி வியாபாரியிடம் ஹிந்தியில் மொழிபெயர்த்தும் சொன்னார். வாழ்க்கையில் முதன்முறையாக ஒருவர் அவருடைய கொள்கையை மறுத்திருந்தார். மறுக்க வேண்டுமென்றால் முதலில் படித்திருக்க வேண்டும் அல்லவா?

பிறகு ஒரு நாள் வட்டத்தின் தலைவர் பத்ரிநாராயணனிடமிருந்து அறிவிப்பு வந்தது: 'வரும் ஞாயிறு மாலை, நம் மாட்டுங்கா அன்பர் திரு. பூலோகம், ஊடுருவல் நூல்களும் எல்லைத் தகராறுகளும் என்ற தலைப்பில் ஒரு மணி நேரம் உரையாற்றுவார். இடம்: திருமதி சுப்புலக்ஷ்மி இல்லம்.'

ஒரு மணி நேரம். எதிரே உட்கார்ந்து கேட்பதற்கு மனிதர்கள். அங்கே லேபர் கேம்ப் மட்டும் வெளியே வந்துவிட்டால் பேச்சும் போயிற்று, வட்டமும் போயிற்று. அப்புறம் ஆயுள் முழுக்க ஷாகுல் ஹமீதும் விசாவும்தான்.

விஜயலட்சுமி வேறொரு சிக்கலை எடுத்துப் போட்டாள். தாராவியைப் புதிதாகக் கட்டப்போவதாகச் சொல்லி வீட்டுக்கு வீடு கணக்கெடுத்துக்கொண்டிருந்த சமயம் அது. அதுவரை மாஹிம் என்றும் சயான் என்றும் சொல்லிவந்தவர்கள் எல்லாம், ஒரு வீடு கிடைக்கும் என்றதும் தாராவி மண்ணில் புரண்டு எழுந்தவர்களாக மாறியிருந்தார்கள்.

"முந்தா நேத்து சர்வேக்காரன்ட்ட நெஞ்சத் தட்டி, பொறந்ததுலேருந்து தாராவின்னு சொன்னிய. இப்ப அங்க போயி மாட்டுங்காங்கிய. நீங்க எந்தப் பக்கத்து ஆளு?"

"ரெண்டு பக்கமும்தான். இதுக்கு டபுள் ஏஜெண்டுன்னு பேரு."

"நம்ம பக்கம் வேற பேரு சொல்லுவாவ" என்றாள் அவள், சட்டையைத் தேய்த்துக்கொண்டே. அவர் தலைநிமிர்ந்து போக வேண்டும் என்பதில் அவளுக்கும் அக்கறை இருந்தது. காலர் கத்தி போல நின்றது.

ஞாயிறு மாலை பூலோகம் ஸ்டேஷன் பாலத்தில் ஏறினார். தோளில் அவர் கார்கானாவிலேயே மிக நன்றாக வந்த பை. அதற்குள் கசக்காத 'பனிப்பாதைப் பரமசிவம்'. பாலத்தின் நடுவில் நின்று ஒருமுறை பின்னால் பார்த்தார். யாரும் தொடரவில்லை. சேம்பூரிலிருந்து வந்த ஒரு கல்யாணக் கூட்டம்தான் சீர்த்தட்டுகளோடு இடித்துக்கொண்டு போனது.

சுப்புலக்ஷ்மியின் வீடு தரைத்தளத்தில் இருந்தது. ஹாலில் புழுக்கம் என்று மேஜையையும் நாற்காலிகளையும் வாசல் வராந்தாவில் போட்டிருந்தார்கள். வாசலுக்கு இழுத்து மூடுகிற இரும்புக் கம்பிக் கதவு. பத்துப் பன்னிரண்டு பேர் உட்கார்ந்திருந்தார்கள். எல்லோருக்கும் பென்ஷன் வாங்குகிற முகம். வழுக்கைத் தலையும் கூர்மையான மூக்கும் உள்ள பஞ்சு எழுந்து வந்து கைகுலுக்கினார்.

"வாங்கோ வாங்கோ. தலைவர் வர லேட்டாகுமாம். ஆரம்பிச்சுடச் சொன்னார். எந்த ரோடுன்னேள்?"

"நடந்தேதான் வந்தேன்" என்றார் பூலோகம் கம்பீரமாக. கேள்விக்கும் பதிலுக்கும் நடுவே இருந்த இடைவெளியைப் பஞ்சு கவனிப்பதற்குள் சுப்புலக்ஷ்மி காப்பி கொண்டுவந்துவிட்டார்.

இதுதான் பரீட்சை. சாப்பாட்டில்தானே பிடிபடுவார்கள்? பூலோகம் ஒரு வாரமாக வீட்டில் பயிற்சி எடுத்திருந்தார். டபராவிலிருந்து டம்ளருக்கும் டம்ளரிலிருந்து டபராவுக்கும் ஒரு சொட்டுச் சிந்தாமல் ஆற்றி, உதடு படாமல் தூக்கி ஊற்றிக்கொண்டு, "டிகாக்ஷன் இரண்டாவது இறக்கமா?" என்று கேட்டார். சுப்புலக்ஷ்மி லேசாக வெட்கப்பட்டார். பஞ்சு தலையாட்டினார். ஊடுருவல் முடிந்தது என்று பூலோகம் எண்ணினார். உலக வேவு வரலாற்றில் இவ்வளவு சுத்தமாக எவரும் உள்ளே போனதில்லை.

பேசத் தொடங்கினார். குரல் அவருக்கே பிடித்திருந்தது. "அன்பர்களே, எல்லை என்பது நிலத்தில் இல்லை. அது நாக்கில் இருக்கிறது. பரமசிவம் பனிமலையைத் தாண்டினார். பாயசத்தைத் தாண்ட முடியவில்லை." முன் வரிசையில் ஒரு மாமி சிரித்தார். பஞ்சு மறுப்பதற்குத் தயாராக விரலை உயர்த்தினார். அந்த விரலைப் பார்த்ததும் பூலோகத்துக்கு உடம்பெல்லாம் சந்தோஷம் பரவியது. தோள் தளர்ந்தது, காவல் தளர்ந்தது.

அப்போது வெளிக்கேட் கிரீச்சென்றது. சுப்புலக்ஷ்மி எட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

"மாமா வந்தாச்சு."

அவர் சொன்னது வயதில் மூத்த தலைவர் பத்ரிநாராயணனை. மாட்டுங்காவில் நரைத்த தலை எல்லாம் மாமா. இது பூலோகத்துக்கும் தெரியும். ஆனால் தெரிந்தது மூளைக்கு. சொல் போய் விழுந்தது காலில்.

"ஏ, மாமா வாராம்ல! மேசைய உள்ள இழு! லைட்ட அணை!"

பத்துப் பன்னிரண்டு பென்ஷன்தாரர்கள் அண்ணாந்து பார்த்தார்கள். அவர்களுக்கு முன்னால் மேஜை நகர்ந்துகொண்டிருந்தது. டபராக்கள் குலுங்கின. "பாத்துக்கிட்டே நிக்கிய, சேரத் தூக்குங்க! ஏ அண்ணாச்சி, உம்மத்தான், எந்திரிங்க வே!" என்று பஞ்சுவின் நாற்காலியையும் பஞ்சுவையும் ஒன்றாகவே உள்ளே தள்ளினார். வாழ்நாள் முழுதும் ஆபீசில் உத்தரவுக்குக் கீழ்ப்படிந்து பழகியவர்கள் அவர்கள். குரலில் இவ்வளவு நிச்சயம் இருந்தால் காரணம் கேட்கத் தோன்றாது. ஆளுக்கொரு நாற்காலியோடு ஹாலுக்குள் புகுந்தார்கள். கம்பிக் கதவு சடசடவென்று மூடிக்கொண்டது. ஸ்விட்ச் போர்டு எங்கே என்று அவருடைய கைக்குத் தானாகவே தெரிந்தது. இருட்டு.

"மூச்சு விடாதிய" என்றார் பூலோகம் கிசுகிசுப்பாக. "ஒரு நிமிசம். போயிருவான்."

வட்டம் மூச்சை அடக்கியது. இருட்டில் யாரோ ஒரு மாமி இன்னொரு மாமியின் கையைப் பிடித்துக்கொண்டார். வாசகர் வட்டத்தின் வரலாற்றில் ஒரு நூலை இவ்வளவு ஈடுபாட்டோடு யாரும் அனுபவித்ததில்லை.

வெளியே செருப்புச் சத்தம் வந்தது, நின்றது. கம்பிக் கதவை யாரோ தட்டினார்கள்.

"யாராக்கும் உள்ள? கரண்டு போயிடுத்தா?"

அந்தப் பாலக்காட்டுக் குரல் காதில் விழுந்ததும்தான் பூலோகத்தின் மூளை, காலைத் துரத்திக்கொண்டு வந்து சேர்ந்தது.

விளக்கைப் பஞ்சு போட்டார். சட்டை எல்லாம் வியர்வையாகப் பத்ரிநாராயணன் உள்ளே வந்தார். எழுபது தாண்டியவர், கக்கத்தில் பிடி அறுந்து கயிறு கட்டிய ஒரு பழைய ஆபீஸ் பை. "ஸாரி, ஸாரி, ரொம்ப லேட். ஹார்பர் லைன்ல மெகா பிளாக், குர்லாவுல நின்னு நின்னு..." என்று பழக்கத்தில் சொல்லிக்கொண்டே உட்கார்ந்தார்.

ஞாயிற்றுக்கிழமை ரயில் பாதையில் பழுது பார்ப்பார்கள் என்பதும், தாமதமாக வருகிறவர் மெகா பிளாக் என்பார் என்பதும் பம்பாயில் தும்மலுக்கு அடுத்தபடி இயற்கையானவை. யாரும் கவனிக்கவில்லை. தவிர, எல்லோருடைய கவனமும் பூலோகத்தின் மேல் இருந்தது.

"இப்ப பேசினேளே, அது எந்த ஊர்த் தமிழ்?" என்றார் பஞ்சு. குரலில் கோபம் இல்லை; ஆடிட்டரின் அமைதி இருந்தது. "மாட்டுங்கால நீங்க எந்த ரோடு?"

இருமுவதற்கு இது நேரமில்லை என்று பூலோகத்துக்குத் தெரிந்தது.

"லேபர் கேம்ப்."

"அது தாராவியோன்னோ?"

"மாட்டுங்கா லேபர் கேம்ப்."

"ரூல் தெளிவா இருக்கு. மாட்டுங்காவாசிகளுக்கு மட்டும். தலைவர்தான் அந்த ரூலையே எழுதினார். அவரே சொல்லட்டும்."

எல்லோரும் பத்ரிநாராயணனைப் பார்த்தார்கள். பூலோகமும் பார்த்தார். ஆனால் அவர் பார்த்தது வேறு. மாட்டுங்காவில் இரண்டு தெரு தள்ளி இருப்பதாகச் சொல்லப்படும் மனிதர், இரண்டு தெரு நடந்து வருவதற்கு எதற்காக ஹார்பர் ரயிலில் ஏறிக் குர்லாவில் காத்துக்கிடந்தார்? பல வருஷம் துரோகிகளை முன்னும் பின்னுமாகப் படித்த கண் அது. அந்தக் கண்ணைப் பத்ரிநாராயணனும் பார்த்துவிட்டார். அவருடைய காது நுனி சிவந்தது.

அதே நேரத்தில் பஞ்சுவுக்கும் ஏதோ தட்டியது. "அது சரி, நீங்க எதுக்குக் குர்லா போனேள்?"

பத்ரிநாராயணன் பையில் கட்டிய கயிற்றை அவிழ்த்து மறுபடி கட்டத் தொடங்கினார்.

இந்த இடத்தில் பூலோகம் விரலை நீட்டியிருந்தால் போதும். பத்து நொடியில் விசாரணை திசைமாறி இருக்கும். ஆனால் எல்லையில் எதிர்ப்பட்ட இன்னொரு வேவுக்காரனைக் காட்டிக்கொடுப்பது அவர் படித்த எந்த நூலிலும் உயர்ந்த காரியமாகச் சொல்லப்படவில்லை.

"நாந்தான் போகச் சொன்னேன்" என்றார். "பையப் பாருங்க, கயிறு கட்டியில்லா தூக்கிட்டுத் திரியுதாரு. குர்லா கடையில நம்ம கார்கானா பை இருக்கு, போயிப் பாருங்கன்னு போன்ல சொன்னேன்."

"உங்களுக்கு இவரத் தெரியுமா?" என்றார் பஞ்சு தலைவரிடம்.

பத்ரிநாராயணன் பூலோகத்தை மேலும் கீழும் பார்த்தார். "தெரியுமாவா? நன்னாத் தெரியும்."

"அப்ப புதுப் பை எங்க?"

"மெகா பிளாக்ல பை எங்க ஓய் வாங்கறது?"

இதற்கு மறுப்புச் சொல்ல எந்த ஆடிட்டராலும் முடியாது. பத்ரிநாராயணன் தொண்டையைக் கனைத்துக்கொண்டு தீர்ப்பு வழங்கினார்.

"ரூல் என்ன சொல்றது? மாட்டுங்காவாசி. இவர் அட்ரஸ்ல முதல் வார்த்தை என்ன? மாட்டுங்கா. அதுக்குப் பின்னாடி என்ன வரணும், என்ன வரப்படாதுன்னு நான் எழுதலையாக்கும். நீங்க பேசுங்கோ பூலோகம். எங்க விட்டேள்?"

"பாயசத்துல" என்றார் சுப்புலக்ஷ்மி.

பூலோகம் பேசினார். ஆனால் புத்தகத் தமிழைத் திரும்பக் கொண்டுவர முடியவில்லை, கொண்டுவரவும் அவர் மெனக்கெடவில்லை. பரமசிவம் இப்போது திருநெல்வேலித் தமிழில் பனிமலை ஏறினார். ஏறி முடிப்பதற்குள் பஞ்சு குறுக்கே விழுந்தார்.

"தப்பு. உம்ம தியரியே தப்பு ஓய். காப்பிய நீர் ஜம்முனு குடிச்சேர். சாப்பாட்டுலயா மாட்டிண்டேர்? காதுல மாட்டிண்டேர். மாமாங்கற ஒரு வார்த்தை."

"காப்பி குடிச்ச தெம்புலதான காவல விட்டேன்? அப்ப அது சாப்பாடுதான?"

"அதெப்படி? காப்பி சாப்பாடா?"

"மாட்டுங்காவுல நின்னுக்கிட்டு அந்தக் கேள்வியக் கேக்கியளே" என்றார் பூலோகம். முன் வரிசை மாமி பூலோகத்தின் கட்சியில் சேர்ந்தார். பின் வரிசையில் ஒருவர், பரமசிவம் பிடிபடவே இல்லை, வேண்டுமென்றே சரணடைந்தார் என்று மூன்றாவதாக ஒரு கட்சியைத் தொடங்கினார். சத்தம் தெருவரை கேட்டது.

எல்லாம் முடிந்து கலைந்தபோது பத்ரிநாராயணன், "நானும் ஸ்டேஷன் பக்கம் கொஞ்சம் காலாற நடக்கறேன்" என்று பூலோகத்தோடு கிளம்பினார். பாலத்தின் நடுவில் வந்து நின்றார்கள். கீழே ஒரு லோக்கல் கல்யாண் பக்கமாகப் போயிற்று.

"எந்த ஸ்டேஷன்?" என்றார் பூலோகம்.

"மான்குர்த். பில்டிங்க இடிச்சுப் புதுசாக் கட்டித் தரேன்னான் பில்டர். அதுவரைக்கும் வாடகைக்குப் போன்னான். இடிச்சான். நாலு வருஷமாச்சு, குழிதான் இருக்கு. ரூல எழுதினவனே வெளியூர்னு எப்படிச் சொல்றது? நீர் எப்படி ஓய் கண்டுபிடிச்சேர்?"

"மெகா பிளாக்னு ஆரும் சொல்லுவாவ. ஆனா எந்த லைன்னு விவரமாச் சொன்னா, அவன் நெசமாவே மாட்டிக்கிட்டு வந்தவன்."

பத்ரிநாராயணன் முன்னும் பின்னும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "இன்னொண்ணு சொல்றேன், வெளில விட்டுடாதீர். பஞ்சு சுனாபட்டிக்கு வீடு மாறி ரெண்டு வருஷமாச்சு. நான் கண்டுக்கல. முன்னாடி உக்காந்திருந்தாளே, அந்த மாமி சேம்பூர். பின்னாடி சண்டை போட்டவர் தானேலேருந்து வரார். மாட்டுங்கால நிஜமா இருக்கறது சுப்புலக்ஷ்மி ஒருத்திதான். அப்புறம் வட்டத்துக்கு நடந்து வர்ற தூரத்துல இருக்கறவர்னு பாத்தா, நீர்தான்."

பூலோகம் யோசித்தார். எவ்வளவு படித்தும், காவலர்கள் எல்லோரும் ஊடுருவியவர்களாக இருக்கும் எல்லையை எந்தப் புத்தகத்திலும் அவர் பார்த்ததில்லை. தோளிலிருந்த பையைக் கழற்றி, பரமசிவத்தை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, பையைப் பத்ரிநாராயணனிடம் நீட்டினார்.

"அடுத்த வாரம் புதுப் பை எங்கன்னு பஞ்சு கேப்பாரு. வச்சுக்கிடுங்க."

அவர் குர்லா வண்டிக்கு இறங்கினார். இவர் மேற்குப் பக்கம் இறங்கினார்.

வீட்டில் விஜயலட்சுமி தட்டு வைத்துக் காத்திருந்தாள். "பேசுனியளா?"

"பேசுனேன்."

"எல்லாரும் நல்லாக் கேட்டாவளா?"

"எங்க கேட்டாவ? ஒரு வார்த்த முழுசாப் பேச விடல. அந்தப் பஞ்சு இருக்காரே, வாயத் தொறந்தா தப்பு தப்புங்காரு. ஒரு மாமி இவர ஏசுது, பின்னால இருந்து ஒருத்தர் ரெண்டு பேரையும் ஏசுதாரு." கைகழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்த அவருடைய முகம், குடியரசு தின அணிவகுப்பில் பதக்கம் வாங்கியவர் முகம்போல இருந்தது. "அடுத்த ஞாத்துக்கெழமையும் வரணுமாம். மிச்சத் தப்பையும் சொல்லணுமாம்."

"போயிட்டு வாங்க" என்றாள் அவள். சோற்றைப் போட்டுக்கொண்டே கேட்டாள்: "நாளைக்கு சர்வேக்காரன் திரும்ப வாரானாம். கேட்டா எந்த ஊருன்னு சொல்ல?"

பூலோகம் இருமினார்.